நான் பாடாத பாட்டு

ஆரியசாலை,
திருவனந்தபுரம்.
ஓணம் முடிந்த மறுவாரம்.

பிரணவுக்கு செல்வி எழுதுவது.

'அன்புள்ள' என்று தொடங்கத்தான் பேனாவை எடுத்தேன். கை வரவில்லை. மும்பையில் நீயும் உன் வீட்டாரும் நலமாக இருப்பீர்கள் என்று நினைக்கிறேன். இங்கே லிங்கம் அத்தானும் மகள் ஷிஜாவும் சுகம். என் அம்மா சுகமில்லை. அதற்குக் காரணம் நீ.

இதை வாட்ஸ்அப்பில் எழுதியிருக்கலாம். எழுதினால் ஒரு கைகூப்பும் படத்தைப் போட்டுவிட்டு நீ ஸ்டுடியோவுக்குள் போய்விடுவாய். காகிதம் என்றால் உறையைப் பிரிக்கவாவது வேண்டும். அதனால்தான் இந்தக் கடிதம்.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் அத்தான் கடையை அப்படியே போட்டுவிட்டு மாடிக்கு ஓடி வந்தார். ஓண வியாபாரம் முடிந்து, வாடகைக்குப் போன பாத்திரமெல்லாம் மூட்டை மூட்டையாகத் திரும்ப வந்துகொண்டிருக்கிற நேரம் அது. அவர் கையில் போன், முகம் நிறையச் சிரிப்பு. "ஏட்டி, உன் பாட்டு வந்திருக்கு கேட்டியா! பிரணவ் மியூசிக் போட்ட புதுப் படத்துல!" என்றார். நம்முடைய பழைய ரெக்கார்டிங் எதையோ நீ படத்தில் சேர்த்திருக்கிறாய் என்று நினைத்துக்கொண்டு காதில் வைத்தேன்.

என் குரல்தான். சந்தேகமே இல்லை. ஆனால் நான் அந்தப் பாட்டைப் பாடியதே இல்லை.

நீ மறந்துவிட்டாய் போலிருக்கிறது, அதனால் நினைவுபடுத்துகிறேன். தைராய்டு கட்டியை எடுத்தபோது என் குரலுக்குப் போகிற நரம்பும் சேர்ந்து போயிற்று. ஆறு வருடமாக எனக்கு இருப்பது தகரத்தில் மணலைத் தேய்க்கிற மாதிரி ஒரு சத்தம். கடைக்குப் போன் செய்கிறவர்கள் ஆண் என்று நினைத்து என்னை 'சேட்டா' என்று கூப்பிடுகிறார்கள். முதலில் அழுதேன். பிறகு "சேட்டன் இல்ல, சேச்சியாக்கும்" என்று சொல்லிச் சிரிக்கப் பழகினேன். அந்தச் சிரிப்புக்கு வந்து சேர எனக்கு எவ்வளவு காலம் பிடித்தது என்று உனக்குத் தெரியாது. நீ பக்கத்தில் இருந்தால்தானே தெரியும்.

இப்போது அம்மாவைப் பற்றிச் சொல்கிறேன். நீ உட்கார்ந்து படி.

அம்மா கிள்ளிப்பாலத்தில் தம்பி வீட்டில் இருக்கிறாள். பக்கத்து வீட்டு டிவியில் அந்தப் பாட்டு ஓடியிருக்கிறது. கீழே என் பேரும் வந்திருக்கிறது. அம்மா யாரிடமும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. செருப்பைக்கூடப் போடாமல் நேரே பழவங்காடிப் பிள்ளையாரிடம் போய்க் காய் உடைத்திருக்கிறாள். அங்கிருந்து அந்த வெயிலில் நடந்தே எங்கள் வீட்டுக்கு வந்தாள். மூச்சு இரைக்கிறது, முந்தானையில் தேங்காய்ச் சில்லு முடிந்திருக்கிறது. என் கன்னம் இரண்டையும் பிடித்துக்கொண்டு, "எம்மா, தொண்டை திறந்துட்டாமே! எங்கிட்ட ஏம்மா சொல்லல? ஒரே ஒரு தரம் அம்மான்னு கூப்பிடு, கேக்கேன்" என்றாள்.

கூப்பிட்டேன் பிரணவ். வேறென்ன செய்ய?

அம்மா என் வாயைப் பார்த்தாள். மேசைமேல் கிடந்த போனைப் பார்த்தாள். "அப்ப அதுல பாடுறது யாருட்டி?" என்று கேட்டாள்.

உனக்குத் தெரியும் என்றால் கிள்ளிப்பாலத்துக்குப் போய் அம்மாவிடம் நீயே சொல். அன்றிலிருந்து அவள் சரியாகச் சாப்பிடுவதில்லை. "பிள்ளையார் என்னை ஏச்சுப்புட்டாரு" என்று சொல்லிக்கொண்டு கிடக்கிறாள். ஏய்த்தது பிள்ளையார் இல்லை என்று எவ்வளவு சொன்னாலும் அவளுக்குப் புரியவில்லை.

அப்புறம்தான் ஷிஜா உன் பேட்டியைத் தேடி எடுத்துக் காட்டினாள். நீ கறுப்புச் சட்டையில், கண் கலங்க, "இழந்த குரலை என் தோழிக்குத் திருப்பிக் கொடுத்தேன்" என்று சொல்கிறாய். கேட்டவர்கள் கைதட்டுகிறார்கள். எப்படிச் செய்தோம் என்றும் பெருமையாக விளக்குகிறாய். மும்பையில் ஒரு பெண்ணைப் பாட வைத்தீர்களாம். நம்முடைய பழைய டேப்புகள் அத்தனையையும் கம்ப்யூட்டருக்குக் கொடுத்தீர்களாம். அது அவள் குரலைக் கழற்றிவிட்டு என் குரலை மாட்டியதாம். மூச்சை மட்டும் பழைய டேப்பிலிருந்தே வெட்டி ஒட்டினோம், அப்போதுதான் உயிர் வரும் என்கிறாய்.

எந்த டேப்பிலிருந்து என்று நான் சொல்லட்டுமா? கல்லாறு டேப். பொன்முடி அடிவாரத்தில் ஆற்றுச் சத்தத்தை நீ பதிவு செய்துகொண்டிருக்க, நான் பாறைமேல் நின்று உன் நரம்பு வாத்தியப் படைப்புக்காகச் சொல்லில்லாமல் பாடினேனே, அது. ஷிஜா அப்போது என் வயிற்றில். நிறைமாதத்துக்குப் பக்கம். அதனால் மூச்சு பாதியில் முட்டி நின்று, பிறகு வரும். அந்த மூச்சு எனக்கும் என் மகளுக்கும் சொந்தம். அதை வெட்டி, யாரோ ஒரு கதாநாயகி மழையில் ஆடுகிற பாட்டில் ஒட்டியிருக்கிறாய்.

அந்தப் பாட்டில் வருகிற 'மழை' என்ற சொல்லும்தான். கல்லூரியில் என் 'ழ' வள்ளியூர்க்காரி 'ழ' என்று நீ கேலி செய்தாய். ரோஷம் வந்து நாக்கு வலிக்கப் பழகினேன். இன்று அந்த மும்பைப் பெண்ணின் நாக்கால் ஊரெல்லாம் என் குரல் 'மளை, மளை' என்று பாடிக்கொண்டு திரிகிறது.

எல்லா டேப்பும் என்றாயே, ஒத்திகை டேப்புகளையும் கொடுத்துவிட்டாயா? அதில் நான் இருமினேன், சிரித்தேன், உன்னைத் திட்டினேன். என் கல்யாணப் பேச்சு வந்த அன்று பாட முடியாமல் நான் அழுததும் அதில் இருக்கிறது. அதையும் அந்த இயந்திரம் கேட்டுப் படித்ததா?

கல்லூரியில் எல்லாரும் கீர்த்தனைக்குக் கச்சை கட்டிக்கொண்டிருந்தபோது, நீ இரண்டு வயலின், ஒரு வயோலா, ஒரு செல்லோ என்று ஆட்களைப் பிடித்துவந்து தோடியையும் வெள்ளைக்காரன் சங்கீதத்தையும் மோதவிட்டாய். உன் கரமனை அக்ரகாரமே சிரித்தது. சாலைக்கடைத் தெருப் பெண்ணான என்னை நடுவில் நிறுத்திப் பாட வைத்ததற்கும் சேர்த்துச் சிரித்தது. நீ அசையவில்லை. முதல் நிகழ்ச்சியில் ஹாலில் கேட்டவர்களைவிட வாசித்தவர்கள்தான் அதிகம். அந்தச் சொற்பப் பேரில் ஒருவர் சினிமா டைரக்டர். அங்கிருந்துதான் உன் முதல் படம், பிறகு கொச்சி, மும்பை, விருது, வெளிநாட்டு ஆர்க்கெஸ்ட்ரா எல்லாம் வந்தன. அதெல்லாம் என்னால் என்று நான் ஒருநாளும் சொன்னதில்லை. உன் சங்கீதம் உன் மண்டையில் பிறந்தது. நான் கோபத்தில் இருந்தாலும் அதை மாற்றிச் சொல்ல மாட்டேன்.

ஆனால் அந்த நாளில் நீ எழுதிய வரியை நான் அப்படியே பாடியதுண்டா? "இங்க மூச்சு விட இடம் வை, இல்லேன்னா பாட மாட்டேன்" என்பேன். "மூச்சு விட்டா ஃப்ரேஸ் உடைஞ்சு போயிடும் டீ" என்று நீ குதிப்பாய். சாயங்காலம் வரை சண்டை. மறுநாள் நீயே மாற்றி எழுதிக்கொண்டு வருவாய். வேண்டாம் என்று சொல்ல எனக்கு ஒரு வாய் இருந்தது. இந்தத் தடவை உனக்குக் கிடைத்தது வாய் இல்லாத செல்வி. அவள் எதற்கும் வேண்டாம் சொல்ல மாட்டாள். உனக்கு எவ்வளவு வசதி!

நேற்று கரமனையில் உன் அம்மாவைப் பார்த்தேன். சூடாமணி மாமிக்கு முட்டி வலி கூடியிருக்கிறது, படியேற முடியவில்லை. வைத்தியம் பார்க்கச் சொல். மாமி என் கையைப் பிடித்துக்கொண்டு, "பிரணவ் உனக்கு எவ்ளோ பெரிய உபகாரம் பண்ணியிருக்கான் பாத்தியோ" என்றார்கள். வயதானவர்களிடம் என்ன சொல்ல? காபியைக் குடித்துவிட்டு வந்தேன்.

எனக்கு விளக்கம் வேண்டாம். அந்தப் பாட்டை எடுத்துவிடு. படத்திலிருந்து, போனிலிருந்து, எங்கெங்கே இருக்கிறதோ அங்கிருந்தெல்லாம் எடு. இறந்துபோனவர்களுக்குச் செய்கிற மரியாதையை எனக்குச் செய்யாதே.

இப்படிக்கு,
உயிரோடு இருக்கிற
இசக்கிசெல்வி.


ஆரியசாலை,
திருவனந்தபுரம்.
புரட்டாசி கடைசி.

பிரணவுக்கு,

நீ லண்டனில் குளிரில் இருப்பதாகக் கேள்விப்பட்டேன். உடம்பைப் பார்த்துக்கொள். என் அம்மா இப்போது கஞ்சி குடிக்கிறாள். நேற்று ஷிஜாவுக்குத் தலை பின்னிவிட்டாள். அது போதும் எனக்கு.

முதல் கடிதத்துக்கு நீ எனக்குப் பதில் எழுதவில்லை. அத்தானுக்கு ஒரு வாய்ஸ் மெசேஜ் அனுப்பினாய். "அண்ணாச்சி, அவ ரொம்ப எமோஷனலா இருக்கா, நீங்கதான் எடுத்துச் சொல்லணும். ஜனங்க அழறா அதைக் கேட்டு. நான் சினிமாவுக்கு வந்து இருபது வருஷம்னு விழா வெக்கறா நம்ம ஊர்ல. நான் லண்டன்லேர்ந்து வீடியோல வருவேன். அவ சும்மா வந்து ஒக்காந்தா போறும்" என்று. எடுத்துச் சொல்ல நான் என்ன அடம்பிடிக்கிற மாடா? அத்தான் அதைப் பாதியில் நிறுத்திவிட்டு, "போகண்டாம்னா போகண்டாம்ட்டி" என்றார். நான் போகிறேன் என்றேன்.

விழாவில் நடந்ததை ஆளாளுக்கு உன்னிடம் சொல்லியிருப்பார்கள். நீ திரையில் பார்த்தது கொஞ்சம்தான். நான் சொல்கிறேன்.

ஹால் நிறைந்திருந்தது. நம் முதல் நிகழ்ச்சியின் காலி நாற்காலிகள்தான் எனக்கு ஞாபகம் வந்தன. உனக்காக ஒரு நிமிடம் சந்தோஷமாகக்கூட இருந்தது என்றால் நம்புவாயா? உன் செல்லோ சோலோவை ஒரு சின்னப் பெண் வாசித்தாள். பிரமாதம். அது முடிந்ததும் விளக்கை அணைத்தார்கள். திரையில் என் கல்லூரிக் காலப் போட்டோ பெரிதாக வந்தது. சுற்றிலும் வெள்ளைப் பூ உதிர்கிற மாதிரி படம். மாலை போட்டுப் பொட்டு வைக்காதது ஒன்றுதான் பாக்கி. அந்தப் பாட்டு ஓடியது. எல்லாரும் போனில் விளக்கைப் போட்டு மெல்ல ஆட்டினார்கள். என் பின்வரிசையில் ஒரு அம்மாள் மூக்கை உறிஞ்சிக்கொண்டே பக்கத்திலிருந்தவரிடம் கேட்டாள்: "பாவம், மரிச்சு போயி, அல்லே?"

திரும்பிப் பார்த்தேன். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்துத் தலையசைத்தாள். செத்தவள் முன்வரிசையில் உட்கார்ந்திருப்பது அவளுக்கு எப்படித் தெரியும்?

பிறகு மேடைக்கு அழைத்தார்கள். பொன்னாடை. திரையில் நீ, காதில் ஹெட்போனோடு, சிரித்துக்கொண்டு. தொகுத்து வழங்கிய பெண் மைக்கைத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டு, "சேச்சிக்கு சம்சாரிக்கான் பற்றில்ல" என்று சபைக்கு அறிவித்தாள். எனக்குப் பேச முடியாதாம். யார் சொன்னார்கள் அவளுக்கு? யார் அப்படிச் சொல்லச் சொன்னார்கள்?

மைக்கை வாங்கினேன். அவள் கொடுக்கவில்லை, நான்தான் வாங்கினேன். முதலில் காற்று மட்டும்தான் வந்தது. உனக்குத் தெரியாது, பதற்றம் வந்தால் எனக்கு இருக்கிற கரகரப்பும் அடைத்துவிடும். கீழேயிருந்து ஷிஜா எழுந்து நின்று, "அம்மே, உறக்கெப் பற!" என்று கத்தினாள். உரக்கச் சொல்லம்மா என்று. என்னைவிடப் பத்து மடங்கு கோபம் அந்தப் பெண்ணுக்கு.

சொன்னேன். "நான்தான் செல்வி. நான் சாகல. இப்ப நீங்க கேட்டது நான் பாடினது இல்ல. என்னைக் கேட்டுச் செஞ்சதும் இல்ல. இந்தக் கரகரப்பு இருக்குல்லா, இதுதான் என் குரல். இது எனக்குப் போதும். யாரும் திருப்பித் தரண்டாம்."

அவ்வளவுதான். போன் விளக்குகள் ஒவ்வொன்றாக அணைந்தன. நான் திரையைப் பார்த்தேன். நீ ஹெட்போனைக் கழற்றுவது தெரிந்தது. உடனே திரை கறுத்துவிட்டது. லைன் போய்விட்டது என்று மேடையில் சொன்னார்கள். லைன் போனதா பிரணவ், இல்லை நீ போனாயா?

மாமியும் வந்திருந்தார்கள், முன்வரிசையில். படியிறங்கும்போது என் தோளைப் பிடித்துக்கொண்டே இறங்கினார்கள். ஆட்டோவில் ஏறும் முன், "நேக்கு இது தெரியாது செல்வி. அவன் கேட்டுண்டுதான் பண்ணினான்னு நெனச்சேன்" என்றார்கள். அந்த ஒரு வாக்கியம் உன்னிடமிருந்து வரவேண்டியது.

அப்புறம் நடந்தது உனக்குத் தெரியும். யாரோ எடுத்த வீடியோ சுற்றியது. பாட்டை வெளியிட்ட கம்பெனிக்காரர்கள் பயந்துபோய்ப் பாட்டை எடுத்தார்கள். கோழிக்கோட்டுப் பெண் ஒருத்தியைப் பாட வைத்து மறுபடி போட்டிருக்கிறார்கள். கேட்டேன். அந்த நீள வரியை அவள் இரண்டாக உடைத்து, நடுவில் தைரியமாக மூச்சு விடுகிறாள். நீ விட்டுக்கொடுத்தாயா, அவள் சண்டை போட்டாளா? சண்டை போட்டிருந்தால் அவளுக்கு என் வாழ்த்தைச் சொல்.

எனவே நான் கேட்டது நடந்துவிட்டது. இனிமேல் ஆறிவிடும் என்று நினைத்தேன். ஆறவில்லை. ஏன் என்று எனக்கே புரிய ஒரு வாரம் பிடித்தது.

விழா முடிந்த மறுநாள் நீ அத்தானுக்குப் போன் செய்தாய். நான் பக்கத்தில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தேன். ஸ்பீக்கரில் நீ அழுவது எனக்குக் கேட்டது. தப்புப் பண்ணிட்டேன் அண்ணாச்சி, அவ குரல் போனதை என்னால தாங்க முடியலை, அதான் இப்படிப் பண்ணிட்டேன் என்றாய். அத்தான் நல்லவர், உன்னைத் தேற்றினார். கீரை முழுதும் உருவி முடிக்கும் வரை பேசினாய். போனை அவளிடம் கொடுங்கள் என்று மட்டும் நீ கேட்கவே இல்லை.

அதை ஒரு வாரம் அசைபோட்ட பிறகுதான் எனக்கு எல்லாம் விளங்கியது. ஆஸ்பத்திரியில் என்னைப் பார்க்க ஆரஞ்சோடு வந்தாய். நான் முதல் வார்த்தை பேசினேன். 'வா' என்றுதான் சொன்னேன். உன் முகம் சுருங்கியதை நான் பார்த்தேன். எழுந்துபோய் ஜன்னல் பக்கம் நின்றுகொண்டாய். "பேசாதே செல்வி, ஸ்ட்ரெய்ன் ஆயிடும், மெசேஜ் பண்ணு போறும்" என்றாய். என்மேல் அக்கறை என்று நினைத்தேன். இந்த ஆறு வருடத்தில் நீ ஒருமுறைகூட என்னோடு பேசவில்லை. பிறந்தநாளுக்கு மெசேஜ். விருது வாங்கினால் போட்டோ. நான் கூப்பிட்டால் எடுக்காமல், 'ரெக்கார்டிங்கில் இருக்கேன்' என்று ஒரு வரி.

குரல் போனது எனக்கு. தாங்க முடியாமல் ஓடியது நீ.

அந்தப் பாட்டை எடுப்பதற்கு முந்தின நாள், வீட்டில் யாரும் இல்லாதபோது, அதைத் திரும்ப ஒருமுறை கேட்டேன். முழுவதும் கேட்டேன். 'மளை'யும் ஒட்டுப்போட்ட மூச்சும் போக, அது அழகாக இருந்தது பிரணவ். அந்த மெட்டு எனக்காகவே போட்டது. என் தொண்டையில் எந்த இடம் இனிக்கும் என்று தெரிந்தவன் மட்டுமே போடக்கூடியது. அதனால்தான் எனக்கு இவ்வளவு ஆத்திரம். நீ என்னை மறக்கவில்லை. என்னை விட்டுவிட்டு என் குரலை மட்டும் கூட்டிக்கொண்டு போய், அதோடு குடித்தனம் நடத்திக்கொண்டிருந்திருக்கிறாய்.

லண்டன் ஆர்க்கெஸ்ட்ராவுக்கு நீ எழுதிக்கொண்டிருப்பது 'தொலைந்த ஒரு குரலுக்கு' என்று பேப்பரில் பார்த்தேன். அந்தப் பெயரை எடு. எனக்காக ஒன்றும் எழுதாதே. எனக்கு எதையும் சமர்ப்பிக்காதே. உன் அப்பாவுக்கு எழுது, கரமனை ஆற்றுக்கு எழுது, உனக்கே எழுதிக்கொள்.

தீபாவளிக்கு நீ ஊருக்கு வருவாய் என்று மாமி சொன்னார்கள். வந்தால் ஆரியசாலைக்கும் வா. ஆரஞ்சு வாங்கி வராதே. பரிசு, பொன்னாடை, உன் கம்பெனி ஆள், ஒன்றும் வேண்டாம். அத்தான் கடையில் இருப்பார், ஷிஜா பள்ளிக்கூடத்தில் இருப்பாள். எதிரே நாற்காலி போட்டு உட்கார். எனக்கு ஆறு வருடச் சமாசாரம் சொல்ல இருக்கிறது. வேகமாகச் சொல்ல வராது. சில வார்த்தை காற்றாகப் போகும், அதைத் திரும்பச் சொல்லுவேன். நீ பேசாதே என்று சொல்லக் கூடாது. ஜன்னல் பக்கம் போகக் கூடாது. உன் முகம் சுருங்கினாலும் பரவாயில்லை, நான் சொல்லி முடிக்கும்வரை எழுந்திருக்காமல் இரு.

அது முடியாது என்றால் வராதே. இனி அத்தானிடம் அழுது சொல்லி அனுப்பவும் வேண்டாம்.

நீ நன்றாக இரு. உன் காதுகளுக்கு ஒரு குறையும் வராமல் நெடுங்காலம் இரு.

செல்வி.